பூவாத்தாளுக்குச் சேலை

மனுசன் என்றால் சாமிக்கு முன்னால் கையெடுக்க வேண்டாமா? அங்கமுத்துவுக்கு எழுபது வயசு. இதுவரைக்கும் எடுத்ததில்லை. அதுவும் கூடப்பிறந்த தங்கச்சிக்கு!

திருச்செங்கோட்டுப் பக்கத்தில் இருந்த அந்தக் குடும்பத்துக்கு வீட்டுச் சாமியே தங்கச்சி பூவாத்தாள்தான். ஐம்பது வருசத்துக்கு முன்னால், பதினாறு வயசில், குடும்ப மானம் காக்கத் தானாகவே கிணற்றில் குதித்துத் தெய்வமானவள் என்பார்கள். ஆடி பிறந்தால் அவளுக்குப் புதுச்சேலை சாத்திப் பொங்கல் வைப்பார்கள். அங்கமுத்து மட்டும் கையைக் கட்டிக்கொண்டு கடைசியில் நிற்பார்.

"கெழவனுக்கு என்ன திமிரு பாரு" என்று ஊரே பேசும்.

மேட்டூர் அணை கட்டி முடித்த மறு வருசத்து ஆடி. அவருடைய தம்பி மகன் ராசப்பன், தன் மகள் தெய்வநாயகியைச் சேலைக்கு முன்னால் கொண்டுவந்து நிறுத்தினான். அவள் பள்ளிபாளையத்துத் தறிக்காரப் பையனைத்தான் கட்டுவேன் என்று ஒற்றைக் காலில் நின்றாள்.

"அவன மறந்துட்டேன்னு கற்பூரம் அடிச்சுச் சத்தியம் பண்ணு."

"மாட்டேனுங்கப்பா."

"பூவாத்தா பொறந்த ஊட்டுல பொறந்துட்டு என்ன பேச்சுப் பேசற? மானத்துக்காக உசுரையே உட்டவ அவ! அந்தக் கெணறு இன்னும் அங்கயேதான் இருக்குது, பாத்துக்க."

"பண்ணிரு சாமி... உங்கப்பன் சொன்னா செஞ்சுபோடுவாரு" என்று தாய் அத்தாயி அழுதாள்.

தெய்வநாயகி எரிகிற கற்பூரத்தின் மேல் கையை நீட்டினாள்.

கடைசியில் நின்ற அங்கமுத்து விடுவிடுவென்று முன்னால் வந்தார். கற்பூரத்தை ஊதி அணைத்தார்.

"ஐயையோ, சாமி குத்தம்!" என்று பெண்கள் பதறினார்கள்.

ராசப்பனுக்குக் கோபம் தலைக்கேறியது. "ஏனுங்க பெரியப்பா, நீங்கதான் கும்புட மாட்டீங்க, கும்புடறவங்களையும் கெடுக்கோணுமா? அவ உங்க தங்கச்சிங்க!"

"தங்கச்சிங்கறதாலதாண்டா கும்புடல. சாமின்னு கும்புட்டுட்டா, செஞ்சது மறந்துபோயிருமே."

"என்ன செஞ்சீங்க?"

அங்கமுத்து தெய்வநாயகியின் கையைப் பிடித்துத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார்.

"அவ குதிக்கலடா. வண்டிக்காரன் ஒருத்தனக் கட்டுவேன்னா. எங்கப்பன் தள்ளி உட்டுட்டான். 'அண்ணா, அண்ணா'ன்னு ரொம்ப நேரம் கூப்புட்டா. எங் கையில கவுறு இருந்துச்சு. நான் போடல."