ஒரு விரல் அளவு

கொழுந்தன் மனைவி பூங்கோதை காலை நடைக்குக் கிளம்பியதும் அம்சவேணி கொடியிலிருந்து அவளுடைய ரவிக்கையை உருவுவாள். இரு பக்கமும் ஒரு விரல் அளவு உள்ளே பிடித்துத் தைத்து, அவள் அலமாரியில் மடித்து வைப்பாள். குண்டாகிவிட்டோம் என்று பயந்து பூங்கோதை ஒரு வேளையாவது தட்டை ஒதுக்கவேண்டும். ஒன்றரை இட்லியோடு எழுந்துவிடும் அம்சவேணிக்கு மாடிப்படியில் மூச்சு இரைக்கிறது. அந்தப் பெரிய உடம்போ தண்ணீர்க் குடத்தோடு பாடிக்கொண்டே ஏறுகிறது.

ரவிக்கை இறுக்கினால் பூங்கோதை சிரிப்பாள். "பாருங்கக்கா, மறுபடியும் வெயிட் போட்டுட்டேன்." ஊக்கால் தையலைப் பிரித்துவிட்டு, கீரைச்சோற்றை நிதானமாகப் பிசைந்து ரசித்துச் சாப்பிடுவாள்.

இன்று மழை தூறியதால் அவள் பாதியில் திரும்பிவிட்டாள். அம்சவேணியின் கையில் ஊசி இருந்தது.

"நீங்கதானாக்கா? நான் நெஜமாவே குண்டாயிட்டேன்னு நெனச்சேன்."

"நெனச்சும் எப்படிடி சாப்பிட்டே?"

"பசிச்சுது, சாப்பிட்டேன்."

அவள் திட்டியிருந்தால்கூட அம்சவேணிக்கு இவ்வளவு வயிறு எரிந்திருக்காது. பூங்கோதை ஊசியை வாங்கிக்கொண்டாள்.

"ஒங்க கையிலதான் ரவிக்க அழுத்தித் தடம் விழுந்திருக்கு. ஒங்களுதையும் பிரிச்சுத் தர்றேன்."

கொடியில் கிடந்த அம்சவேணியின் ரவிக்கையை எடுத்து உள்பக்கம் திருப்பினாள். விரலால் தையலோரம் முழுக்கத் தடவினாள்.

"ஏன்க்கா, பிரிச்சுவிட உள்ள துணியே இல்லியே?"

ஒருநாளும் குண்டாகிவிடக் கூடாதென்று, கல்யாணமான வருஷமே அம்சவேணி அந்தத் துணியை ஒட்ட நறுக்கி எறிந்திருந்தாள்.