பூப்பெயர் சொல்லாதவர்கள்

எரிநட்சத்திரம் விழுவதைப் பார்த்துவிட்டால் உடனே மூன்று பூக்களின் பெயரைச் சொல்லிவிட வேண்டும், இல்லாவிட்டால் ஒவ்வொன்றுக்கும் ஒரு ஞாபகம் அழிந்துபோகும் என்று அந்த ஊரில் சின்னப்பிள்ளைகூடச் சொல்லும். வருஷா வருஷம் ஆடி முடிகிற சமயத்தில் வானம் நட்சத்திரங்களை உதிர்க்கும் இரவில், குடியிருப்பு முழுவதும் மொட்டைமாடியில் பாய் விரித்துக் கிடக்கும். ஒவ்வொரு கீற்றுக்கும் "மல்லி, முல்லை, சாமந்தி" என்று கூச்சல் எழும். போன வருஷம் எல்லோரையும்விட உரக்கக் கத்தியது பொற்கொடியின் மகள்தான். சித்திரையில் வந்த காய்ச்சல் அவளைக் கொண்டுபோய்விட்டது. இந்த வருஷம் பொற்கொடி உதட்டைக் கடித்துக்கொண்டு மல்லாந்து கிடந்தாள். ஒன்று விழுந்தது. ஆஸ்பத்திரி வாடையாவது போய்த் தொலையட்டும் என்று வாயைத் திறக்கவில்லை. அடுத்தது நீளமாகக் கிழித்துக்கொண்டு இறங்கியபோது, பிள்ளையின் கொலுசுச் சத்தமும் போகட்டும் என்று இமைக்காமல் பார்த்தாள். பிறகுதான் பக்கத்தில் திரும்பினாள். இருட்டும் முன்பே மாடிக்கு வந்துவிட்டிருந்த கணவன் ஞானசேகர் வானத்தையே வெறித்துக்கொண்டிருந்தான். அவன் உதடுகளும் இறுக மூடியிருந்தன.

"என்னங்க, நீங்களாவது சொல்லுங்க," என்று அவன் தோளைப் பிடித்து உலுக்கினாள். "ரெண்டு பேரும் மறந்துட்டா அப்புறம் அவளுக்கு யாருங்க இருக்கா? மல்லின்னு சொல்லுங்க. ஒரே ஒரு பூவாவது சொல்லுங்க."

அவன் மெதுவாகத் திரும்பி அவளைப் பார்த்தான். அந்த முகத்தில் பல மாதங்களாக அவள் காணாத நிம்மதி இருந்தது.

"யாருக்கு?" என்று கேட்டான்.