படகுப் பாட்டில் ஓர் அலை

ஒலிப்பதிவு அறையில் சிவப்பு விளக்கு எரிந்த பிறகுதான் இசையமைப்பாளரின் தொண்டைக்குள் அந்த நமைச்சல் தொடங்கியது.

அதற்கு நேரம் காலம் தெரியவில்லை.

மின்விசிறிகளை நிறுத்திவிட்டார்கள். கதவை அடைத்துவிட்டார்கள். பதினான்கு வாத்தியக்காரர்கள், நடுவில் ஒரே ஒரு மைக். அதன் முன்னால் கொழும்பிலிருந்து கப்பலேறி வந்த பாட்டுக்காரப் பெண்.

இசையமைப்பாளர் வலது கையை அசைத்தார். பாட்டு புறப்பட்டது.

இனி மூன்றரை நிமிடம் அவர் இருமக் கூடாது.

இருமினால் அது பாட்டோடு பதிவாகிவிடும். ஒலியைப் பதிகிற ஃபிலிம் சுருளோ இரண்டுதான் மிச்சம். அதுகூடப் பெரிதில்லை. பத்து நாளாக மறைத்து வைத்த விஷயம் எல்லோருக்கும் தெரிந்துவிடும். காசநோய்க்காரனைப் பாடுகிறவர்கள் பக்கத்தில் யார் நிற்க விடுவார்கள்? நாளைக்கே வேறொருவர் இந்த இடத்தில் நிற்பார். பம்பாய் மெட்டு ஒன்றை எடுத்து, சிங்கள வார்த்தைகளை அதில் திணித்துவிட்டுப் போய்விடுவார்.

இத்தனை நாளும் அவர் செய்ததும் அதுதான். ஐந்து சிங்களப் படங்கள். அத்தனையும் இரவல் மெட்டு.

இந்தப் படகுப் பாட்டு ஒன்றுதான் சொந்தம். படமுதலாளியிடம் ஒற்றைக்காலில் நின்று அனுமதி வாங்கியிருந்தார். அவருக்குச் சிங்களம் தெரியாது. வரிகளை அந்தப் பெண்ணைப் பேசச் சொல்லி, நூறு தடவை கேட்டு, அந்தப் பேச்சின் ஏற்ற இறக்கத்திலிருந்தே மெட்டைக் கட்டியிருந்தார்.

முதல் சரணம் தாண்டியது. எச்சிலை விழுங்கினார்.

காலையில் கைக்குட்டையில் பார்த்த சிவப்பு நினைவுக்கு வந்தது.

இரண்டாம் சரணம் முடிகிற இடத்தில் நெஞ்சு அவர் பேச்சைக் கேட்கவில்லை. கைக்குட்டையை வாயில் அழுத்தினார்.

அதே நொடியில் டோலக் 'தொம்' என்று அதிர்ந்தது. இருமல் அதற்குள் போய்விட்டது.

அவர் சொல்லிக் கொடுக்காத அடி அது. டோலக் சவரிமுத்து குனிந்த தலை நிமிராமல் வாசித்துக்கொண்டிருந்தார்.

பாட்டு முடிந்தது. விளக்கு அணைந்தது.

தொலைந்தோம் என்று நினைத்தார்.

கண்ணாடி அறையிலிருந்து படமுதலாளி ஓடிவந்தார். முகமெல்லாம் பல். படகில் அலை மோதியது போலவே இருந்ததாம். மூன்றாம் சரணத்திலும் அப்படி ஒன்று வேண்டுமாம். மிச்சமிருக்கும் சுருளில் இன்னொரு டேக் போய்விடலாமாம்.

இன்னும் ஒரு மூன்றரை நிமிடம். அவர் கைக்குட்டையை மடித்து உள்ளங்கைக்குள் வைத்துக்கொண்டார்.

டோலக்கின் கயிற்றை இறுக்குகிற சாக்கில் சவரிமுத்து அவர் பக்கம் சாய்ந்தார்.

"அலை என்ன, சொல்லிட்டா வருது? வர்ற மாதிரி இருந்தா இடது கையைத் தூக்குங்க மாஸ்டர். நான் பாத்துக்கறேன்."

எத்தனை நாளாகத் தெரியும் என்று கேட்க அவருக்குத் தைரியம் இல்லை.

சிவப்பு விளக்கு எரிந்தது.

அந்தப் பெண் மூச்சை இழுத்துப் பிடித்தாள். பதினான்கு பேரும் அவருடைய வலது கையைப் பார்த்துக் காத்திருந்தார்கள்.

அது அசைவதற்குள் தொண்டையில் மறுபடி நமைச்சல். இடது கை உயர்ந்தது.