தலை குனிந்த ஆள்

சின்ன பட்ஜெட் பேய்ப்படங்களைத் தேடிப் பாராட்டி யூடியூபில் பேசுகிறவர் லிங்கேஸ்வரன். பென்ரோஸ் பகுதியிலுள்ள கிடங்கு ஒன்றில் ஜனுஷா எடுத்த முதல் படத்தை மவுண்ட் வெல்லிங்டன் மண்டபத்தில் திரையிட்டபோது, அவரைத்தான் பேச அழைத்திருந்தாள். படத்தை முன்பே அனுப்பியும் இருந்தாள். அவர் பார்க்கவில்லை.

மைக்கைப் பிடித்ததும் வாய் தானாக ஓடியது. “ஒவ்வொரு சீன்லயும் பின்னால ஒருத்தர் தலையக் குனிஞ்சே உட்கார்ந்திருப்பார், கவனிங்க. கடைசியிலதான் நிமிர்வார். அதுதாங்க டைரக்‌ஷன்!”

கைதட்டினார்கள். நடு வரிசைக்கு வந்து உட்கார்ந்தவரிடம் ஜனுஷா மெதுவாகச் சொன்னாள்.

“அண்ணா, என்ர படத்தில அப்பிடி ஒருத்தரும் இல்லை. பாக்கேல்லையெண்டு சொல்லியிருக்கலாமே.”

அவருக்குக் காது சுட்டது. நல்லவேளையாக விளக்குகள் அணைந்தன.

முதல் காட்சியில், அட்டைப்பெட்டிகளுக்குப் பின்னால் ஒருவர் தலை குனிந்து உட்கார்ந்திருந்தார். அடுத்த காட்சியிலும் இருந்தார்.

“ஆரண்ணா இது?” என்றாள் ஜனுஷா.

அந்த ஆள் போட்டிருந்தது, இன்று காலை லிங்கேஸ்வரன் இஸ்திரி போட்டு உடுத்திக்கொண்டு வந்த அதே கட்டம்போட்ட சட்டை. அதன்பிறகு அவர் திரையைப் பார்க்கவில்லை. தன் மடியையே பார்த்துக்கொண்டிருந்தார்.

படம் முடியும் நேரத்தில் யாரோ, “நிமிர்றாரு!” என்றார்கள். பிறகு நாற்காலிகள் ஒவ்வொன்றாகக் கிறீச்சிட்டன. எல்லோரும் திரையை விட்டுவிட்டுத் தன் பக்கம் திரும்புவது அவருக்குத் தெரிந்தது.

அவரால் மட்டும் தலையை நிமிர்த்த முடியவில்லை.