இறங்கு ஏலம்

“மொதல்ல பல்லைக் காட்டச் சொல்லுங்க. கூட்டிட்டுப் போன பிறகு ஏமாந்தேன்னு சொல்ல முடியாது” என்றார் பண்ணைக்காரர் கிரவுட்.

ஏலம் விட்ட ஊர் அதிகாரி டட்டில், பக்கத்தில் நின்றதன் வாயைப் பிளந்து காட்டினார். மேலே இரண்டு, கீழே மூன்று. “அஞ்சே பல்லு. பல்லு கம்மின்னா தீனியும் கம்மி. யோசிச்சுக் கேளுங்க.”

ஏலத்துக்கு நின்றது குதிரை அல்ல, கிழவர் ஏனோக். 1817-இல் நியூ ஹாம்ப்ஷயரின் அந்தச் சிற்றூரில் நாதியற்றவர்களை வருஷத்துக்கு ஒருமுறை சத்திரத்தில் நிறுத்தி ஏலம் விடுவார்கள். ஒரு வருஷம் சோறு போட ஊர்ப்பணத்தில் யார் குறைவாகக் கேட்கிறாரோ, ஆள் அவர் வீட்டுக்கு. ஐம்பது டாலரைத் தாண்டினால் ஊர்க்கூட்டம் டட்டிலின் தோலை உரித்துவிடும்.

“நாப்பத்தஞ்சு” என்றார் கிரவுட்.

போன வருஷம் கிரவுட்டிடம் போன ஆள் பனிக்காலத்தைத் தாண்டவில்லை. ஏனோக் மூலைப் பக்கம் திரும்பிப் பார்த்தார்.

“நாப்பத்து நாலு” என்று மூலையிலிருந்து குரல் வந்தது. கணவரைப் பறிகொடுத்தபின் பண்ணையைத் தானே பார்த்துக்கொள்ளும் டார்கஸ்.

“நாப்பது. விறகு பொளக்க வெச்சுக்கறேன்” என்றார் கிரவுட்.

ஏனோக் இடுப்பைப் பிடித்துக்கொண்டு இருமினார். “கோடாலியைத் தொட்டே மூணு வருஷமாச்சு, ஐயா. பசிக்கு மட்டும் ஒரு கொறையும் இல்ல. பன்னிக்கறியும் அவரையும் ஒரு சட்டி வெச்சாப் போதும், அப்புறம் சட்டியைக் கழுவவே வேணாம்.”

சத்திரமே சிரித்தது. டட்டில் பல்லைக் கடித்தார். “யோவ் பெரிசு, இங்க நீ சரக்கு. சரக்கு வாயைத் தொறக்கக் கூடாது.”

ஊர்ச்செலவில் ஊற்றிய ரம்மை உறிஞ்சியபடி கிரவுட் யோசனையில் ஆழ்ந்தார்.

“முப்பத்தொம்பது” என்றாள் டார்கஸ். “அதுக்குக் கீழ கட்டாது. இவர் ராத்திரி விடற கொறட்டைக்கே நான் தனியாக் கேக்கணும்.”

“வேலை இல்ல, தீனி உண்டு, கொறட்டை வேறயா? நீயே வெச்சுக்கோ, தாயி” என்று கிரவுட் கையை உதறினார்.

ஒருதரம், இரண்டுதரம், மூன்றுதரம். டட்டில் சுத்தியலைத் தட்டி, பத்திரத்தில் கையெழுத்து வாங்கி, பாதிப் பணத்தை அங்கேயே கொடுத்தார். ஊருக்குப் பதினோரு டாலர் மிச்சம். பேரத்தில் தன்னை மிஞ்ச இந்த வட்டாரத்தில் ஆளில்லை என்ற நினைப்பில், வழியனுப்ப வாசல்வரைக்கும் வந்தார்.

இடுப்பு பிடித்த கிழவர் ஒரே தாவில் வண்டியேறி, கடிவாளத்தைக் கையில் எடுத்திருந்தார். டார்கஸ் பணத்தை முடிந்துகொண்டு அவரை ஒட்டி உட்கார்ந்தாள்.

“மனுஷனை நல்லபடியாப் பாத்துக்கம்மா” என்றார் டட்டில்.

வண்டி நகர்ந்தது. டார்கஸ் திரும்பிப் பார்த்துச் சிரித்தாள்.

“போன மாசம் பக்கத்து ஊர்ல இவரைக் கட்டிக்கிட்டப்ப, பாதிரியாரும் அதையேதான் சொன்னாரு.”