பக்கத்துக் கோடு

"இன்னைக்குச் சாயங்காலத்துக்குள்ள அறுந்துடும் சார்! உங்க சாவியைக் கொடுங்க, ஒட்டுப் போட்டுடறேன்."

வரைபடக்காரி மேசையைத் தட்டியே விட்டாள். எதிரே உட்கார்ந்திருந்த சாவிக்காரர் அசைந்து கொடுக்கவில்லை. முதுகுக்குப் பின்னால் சங்கத்தில் எல்லோரும் அவரை 'விறைப்பு' என்றுதான் சொல்வார்கள். இஸ்திரி போட்ட சட்டையும் அதைவிட மடிப்புக் கலையாத முகமுமாக வருகிற மனிதரை வேறு எப்படிச் சொல்வது?

காலக்கோட்டுக் காப்புச் சங்கத்தில் வேலை இதுதான். ஊரில் உள்ள ஒவ்வொருவரின் ஆயுளும் கண்ணாடி மேசைக்கு அடியில் ஒரு ஒளிக்கோடாக ஓடும். கோட்டுக்குரியவர் சிரித்தால் மினுங்கும், கலங்கினால் நடுங்கும். ஒன்றாகப் புழங்குகிறவர்களின் கோடுகள் ஒட்டிக்கொண்டே ஓடும். அதையெல்லாம் பார்த்துப் பார்த்து வரைபடத்தில் ஏற்றுவது அவள் பாடு. எது யாருடைய கோடு என்று அவளுக்குச் சொல்ல மாட்டார்கள். தெரிந்தால் வேண்டியவர்களுக்காகக் கை நீளும் என்ற பயம். பெயர்கள் சாவிக்காரருக்கு மட்டுமே தெரியும். ஆனால் கண்ணாடியைத் திறக்க இரண்டு பேர் சாவியும் வேண்டும்.

"ஒட்டுப் போடத் துண்டு எங்கேருந்து எடுப்பீங்க?" என்றார் அவர்.

"பக்கத்துக் கோட்டுலேருந்துதான். நல்லா நீளமா ஓடுது சார். பத்து வருஷம் கிள்ளினா ஒண்ணும் குறைஞ்சு போயிடாது."

"கிள்ளின கோடு தாங்குமா?"

"பாதிக்குப் பாதி தாங்கியிருக்கு."

"மீதிப் பாதி?"

அவள் குனிந்து பார்த்தாள். காலையில் விரல் அகலத்துக்கு இருந்த கோடு இப்போது நூலாகிவிட்டது.

"எத்தனை வருஷமா இந்தக் கோட்டைப் பார்க்கறேன் தெரியுமா? நல்ல மனுஷர் சார் இவர். யாரையோ பறிகொடுத்திருக்கார். ஒரு மழைக்காலம் முழுக்க ராத்திரி ராத்திரியா நடுங்கிச்சு. அதுக்கப்புறம் கொஞ்சம் கொஞ்சமா தேறி, இப்பதான் அப்பப்ப மினுங்குது. ஆள் யாருன்னே தெரியாது, ஆனா எனக்கு இவர் மேல அப்படி ஒரு பாசம். உங்களுக்கெல்லாம் எங்க புரியப் போகுது!"

"புரியாதுதான்" என்றார் விறைப்பு.

"அப்ப அந்த ஆளுக்குப் போன் பண்ணியாவது சொல்லுங்க. வெளியில எங்கயும் போக வேண்டாம்னு."

"உள்ள இருந்தா உள்ள வரும். சொல்லி யார் தப்பிச்சிருக்காங்க?"

"பாவம், எதுவுமே தெரியாம உட்கார்ந்திருப்பார்."

"தெரிஞ்சா மட்டும் என்ன செய்வார்? சட்டையை மாட்டிக்கிட்டு வேலைக்குத்தான் போவார்."

என்ன மனுஷன் இவர் என்று அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அடக்கிக்கொண்டு, கெஞ்சிப் பார்த்தாள்.

"சார், இங்க வந்து பாருங்களேன். பக்கத்துக் கோடும் காலையிலேருந்து படபடன்னு அடிச்சுக்குது. அவருக்கு ரொம்ப வேண்டியவங்க போல. நீங்க ஒரு வார்த்தை கேட்டீங்கன்னா அவங்களே மனசாரக் கொடுத்துடுவாங்க!"

அவர் எழுந்து வரவில்லை. கையில் இருந்த சாவியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"கொடுத்துடுவாங்கன்னுதான் கேட்கலை."

"இது என்ன நியாயம்? உங்க வீட்டுல ஒருத்தருக்கு இப்படின்னா இப்படித்தான் கையைக் கட்டிக்கிட்டு உட்கார்ந்திருப்பீங்களா?"

"எனக்கு வீட்டுல யாரும் இல்லம்மா."

அப்படிக் கேட்டிருக்கக் கூடாதோ என்று ஒரு கணம் அவள் மனம் சுருங்கியது. ஆனால் கோடு அதற்குள் மயிரிழையாகிவிட்டது. வெட்கப்பட நேரம் இல்லை.

"சார், கால்ல வேணாலும் விழறேன்..." என்று அழுதே விட்டாள்.

அவர் சாவியைச் சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டு எழுந்தார். நாற்காலியை ஓசைப்படாமல் உள்ளே தள்ளினார்.

"நீங்க அழறதைப் பார்த்துக்கிட்டு என்னால இங்க உட்கார முடியாது. நான் கீழ போறேன். நீங்களும் சீக்கிரம் கிளம்புங்க. பாப்பா ஸ்கூல் விட்டு வந்து காத்துக்கிட்டிருக்கும்."

"என் பாப்பாவை நான் பார்த்துக்கறேன். உங்க அக்கறை ஒண்ணும் வேண்டாம்."

"நீங்கதான் பார்த்துக்கணும்" என்றார் அவர்.

அவருக்குச் சிரிக்கத் தெரியும் என்பதே அவளுக்கு அன்றுதான் தெரிந்தது. அந்தச் சிரிப்பு அவள் எரிச்சலை இன்னும் கிளறியது. ஒரு உயிர் போகப் போகிறது, இவருக்குச் சிரிப்பு வேண்டிக்கிடக்கிறது! நடையில் அவர் செருப்புச் சத்தம் மெதுவாகத் தேய்ந்துகொண்டே போனது.

அவள் தன் சாவியை மட்டும் போட்டு மூடியை இழுத்துப் பார்த்தாள். அசையவில்லை. இரண்டு கைகளாலும் மறுபடி இழுத்தாள். நகம் பிய்ந்ததுதான் மிச்சம். "போகாதீங்க, போகாதீங்க" என்று முகம் தெரியாத அந்த மனிதரிடம் வாய்விட்டுக் கெஞ்சினாள். கோடு ஒருமுறை பளிச்சென்று மினுங்கியது. அப்புறம் மங்கி, அப்படியே நின்றுவிட்டது.

படிக்கட்டில் யாரோ உருண்டு விழுகிற சத்தம் கேட்டது.

"அம்மா, ஓடி வாங்க! நம்ம சாவிக்கார சார் விழுந்துட்டார்! மூச்சு இல்லம்மா!" என்று கீழிருந்து காவலாளி கத்தினார்.

"ஐயோ சார்!" என்று அவள் அலறினாள்.

அலறிய அதே நொடியில், கண்ணாடிக்கு அடியில், நின்றுபோன கோட்டை ஒட்டி நீளமாக ஓடிக்கொண்டிருந்த பக்கத்துக் கோடு வெடவெடவென்று நடுங்கியது.