முள்ளுக்கு ஒரு பிரியாணி

துபாய் அல் குசைஸில் நல்ல பெயரின் விலை ஒரு மட்டன் பிரியாணி. தயிர்ப் பச்சடி இலவசம்.

ஏசி மெக்கானிக் ஆன்சன் அதைத்தான் ஷைஜுவுக்கு வாங்கிக் கொடுத்தான். தமிழ்ச் சங்கத்தின் இணைய இதழில் ‘முள்’ என்ற பெயரில் நாடகங்களைக் கிழித்துத் தொங்கவிடுவது ஷைஜுதான் என்பது ஊரறிந்த சந்தேகம்.

ஆன்சனின் புது நாடகம் விக்டோரியா மகாராணி காலத்து லண்டன் பத்திரிகைக்காரன் ஒருவனின் வாழ்க்கை. அவன் இரவில் நாடகம் எழுதுவான். பகலில் வேறு பெயரில் தன்னைத் தானே புகழ்ந்து விமர்சனம் எழுதுவான். அவன் மனைவியாக நடித்தவள் ஆன்சனின் மனைவி, நர்ஸ் தேவகனி.

“அண்ணே, முள்ளு கொஞ்சம் மழுங்கினாத்தான் அடுத்த வருசமும் எனக்கு மேடை.”

ஷைஜு எலும்பை உறிஞ்சினான். “பாக்கலாம் மக்கா. இன்னொரு பிளேட் சொல்லு.”

நாடகம் முடிந்த மறுநாள் ‘முள்’ளின் விமர்சனம் வந்தது.

“எல்லாக் காட்சியும் அறுவை. மனைவியாக நடித்தவர் மட்டும் தங்கம். கடைசிக் காட்சியை வெட்டச் சொல்லி அடுப்படியிலேயே தலைபாடாக அடித்துக்கொண்டேன், மனுஷன் கேட்டால்தானே!”

ஆன்சன் நிமிர்ந்தான். “ஏங்க, எனக்கு டியூட்டிக்கு நேரமாச்சு,” என்று தேவகனி செருப்பை மாட்டிக்கொண்டிருந்தாள்.

கணக்குப் பார்த்தால், பிரியாணி இரண்டும் ஷைஜுவுக்கு, பாராட்டு மனைவிக்கு. வேறு பெயரில் தன்னையே புகழும் யோசனை மட்டும் ஆன்சனுடையது.